ஐந்து கட்டை கண்ட எமில் போதோ

பொருநையாறு கடலொடு கலக்கும் இடத்தில் அமைந்த பட்டினம் புன்னைக்காயல். முத்துக்குளித்துறையின் பழம்பெருமை வாய்ந்த ஊர்களுள் அஃது ஒன்று. போர்த்துக்கல் நாட்டினின்றும் போந்து, தமிழ் கற்று, தமிழில் நூல்கள் இயற்றி, 1600 ஆம் ஆண்டில் அவ்வூரில் மறைந்தவர் அண்டிரிக் அடிகளார். ஓலையில் எழுத்தாணியாற் கீறப்பெற்று வந்த தமிழெழுத்து, அவர் காலத்தில் உலோக அச்சில் வார்க்கப்பெற்றுத் தாளில் பதிந்தது. கொல்லத்தில் 1578 இல் அச்சான தம்பிரான் வணக்கம் என்னும் சிறுநூலும், புன்னைக்காயலில் 1586 இல் அச்சானதென்று அறிஞர் பலர் கருதும் அடியார் வரலாறு என்னும் பெருநூலும் அவர்தம் உழைப்பின் பயன்களே. எழுத்து உலோகவடிவம் பெற்ற வரலாற்றில் இக்கடற்கரைக்கு உரிய இடம் இது.

அதற்குப் பின் ஏறத்தாழ முந்நூறு ஆண்டுகள் கழித்து, எழுத்து மற்றொரு வடிவம் பெற்றது. ஓரூரில் ஒருவர் விரல் அசைத்தமாத்திரத்தில், அவ்வெழுத்து மின்னாய் மாறிக் கம்பிவழி ஓடி, நூறு காதத்துக்கு அப்பாலுள்ள ஊரில், எழுதுவார் ஒருவருமின்றித் தானே தாளில் பதிந்தது. டெலிபிரிண்டர் என்று வழங்கும் தொலையச்சுப்பொறிக்கு மூலம் இதுவே. இக்காலக் கணிப்பொறிகள் மக்களோடு முதன்முதற் பேசியதும் அத்தகைய பொறிகளின் வாயிலாகவே. இந்நெறியை வகுத்தவருள் தலைநின்றவர் பிரெஞ்சு நாட்டவராகிய எமில் போதோ என்பவர். அவர்தம் வாழ்க்கையை ஈண்டுக் காண்போம்.

போதோ 1845 ஆம் ஆண்டு செப்டம்பர்த் திங்கள் 11 ஆம் நாள், பிரான்சின் கிழக்குப் பகுதியில் ஓத் மார்ன் என்னும் மாவட்டத்தைச் சார்ந்த மன்யோ என்ற சிற்றூரில் பிறந்தார். தந்தையார் உழவர், பிற்காலத்தில் அவ்வூர்த் தலைவராகவும் விளங்கினார். போதோ பயின்ற பள்ளி அவ்வூர்த் தொடக்கப்பள்ளி ஒன்றே. உயர்நிலைப் பள்ளியையோ கல்லூரியையோ அவர் கண்டதில்லை. பள்ளி விட்டபின் தந்தையின் நிலத்தில் ஏர் பிடித்தும் அறுவடை செய்தும் இளமையைக் கழித்தார். இருபத்து மூன்று வயதுவரை அவரை அறிந்தோர், அவர் உழவராகவே வாழ்ந்து முடிவார் என்றே எண்ணியிருப்பர்.

1869 ஆம் ஆண்டில் அவர் பிரெஞ்சு அஞ்சல் தந்தித் துறையில் பயிற்சிப் பணியாளராகச் சேர்ந்தார். அந்நாளில் தந்தி அனுப்பும் முறைகள் இரண்டு பெருவழக்காய் இருந்தன. ஒன்று மோர்சு முறை. புள்ளியும் கோடுமாகிய குறிகளால் எழுத்துக்களைக் குறிப்பது அது. ஒவ்வோர் எழுத்தின் குறியும் நீளத்தில் வேறுபடும். கேட்போன் காதுகொடுத்துக் கேட்டுக் கையால் எழுதவேண்டும். மற்றொன்று டேவிட் இயூசு என்பவர் அமைத்த அச்சுத் தந்தி. அதற்குப் பியானோவின் கட்டைகளைப் போன்ற இருபத்தெட்டுக் கட்டைகள் உண்டு. எழுத்துக்கள் பொறித்த சக்கரம் ஒன்று இரு முனைகளிலும் ஒத்த விரைவில் சுழன்றுகொண்டிருக்கும். அழுத்திய கட்டைக்கு உரிய எழுத்து வரும் நொடியில் மின்துடிப்பு ஒன்று பாய்ந்து, மறுமுனையில் அவ்வெழுத்தைத் தாளிற் பதிக்கும். துறையினர் போதோவுக்கு மோர்சு முறையைக் கற்பித்ததோடு, இயூசு பொறியை நான்கு திங்கள் பயிலவும் அனுப்பினர். அப்பயிற்சியே அவருடைய வாழ்வின் திசையை மாற்றியது.

இடையில் 1870 இல் பிரான்சுக்கும் பிரசியாவுக்கும் போர் மூண்டது. போதோவும் சிறிது காலம் போர்ப்பணி ஆற்றி, 1872 இல் பாரிசு நகருக்குத் தம் பழைய வேலைக்கு மீண்டார்.

அங்கே அவர் உள்ளத்தை ஒரு கேள்வி உறுத்திக்கொண்டே இருந்தது. ஊரூராகக் கம்பம் நட்டுக் கம்பி இழுப்பதற்குப் பெரும்பொருள் செலவாகிறது. அவ்வாறு இழுத்த கம்பியிலோ, எழுத்துக்கு உரிய மின்துடிப்பு பாயும் சிறுபொழுது தவிர, மற்றப் பொழுதெல்லாம் ஒன்றும் ஓடுவதில்லை. சக்கரம் சுழன்று உரிய எழுத்து வருமளவும் கம்பி வாளா கிடக்கிறது. ஒருவர்க்குப் பயன்படாத அப்பொழுதை மற்றொருவர்க்கு அளித்தால் என்ன?

பொருநைக் கால்வாய்ப் பாசனத்தை அறிந்த மாணவர்க்கு இது விளங்குதல் எளிது. கால்வாய் ஒன்று, வயல்கள் பல. எல்லாரும் ஒருசேர மடை திறந்தால் ஒருவர்க்கும் நீர் போதாது. ஆகவே முறை வைத்துப் பாய்ச்சுகின்றனர். இவர் முறைக்கு இவர் மடை திறந்திருக்கும்; பொழுது முடிந்தவுடன் அஃது அடைபட்டு அடுத்தவர் மடை திறக்கும். கால்வாய் ஒரு கணமும் வறிதே கிடப்பதில்லை. போதோ கம்பிக்கு இம்முறையையே வகுத்தார். அவர் உழவர் மகன் என்பதை நினைக்குந்தோறும் இவ்வொப்புமை எனக்கு வியப்பளிக்கும். அவர் வயலினின்றும் இதைக் கற்றார் என்று மட்டும் நான் சொல்லவில்லை.

இம்முறைக்கு வேண்டிய கருவி, பகிர்வுத் தட்டு எனலாம். வட்டமான ஒரு தட்டு பல பகுதிகளாகப் பிரிக்கப்பட்டிருக்கும். அதன்மேல் ஒரு கை கடிகாரமுள்போலச் சுழலும். கை முதற்பகுதியைத் தொடும்போது முதற்பணியாளர்க்குக் கம்பி உரியது. இரண்டாம் பகுதியைத் தொடும்போது இரண்டாமவர்க்கு உரியது. மறுமுனையிலும் அவ்வாறே ஒரு தட்டும் ஒரு கையும் உண்டு. இரு கைகளும் இம்மியும் பிசகாது ஒத்துச் சுழலவேண்டும். இங்குள்ள கை மூன்றாம் பகுதியில் நிற்க, அங்குள்ளது நான்காம் பகுதிக்குச் சென்றுவிடின், ஒருவர்க்கு வந்த செய்தி மற்றொருவர் தாளில் பதிந்து பெருங்குழப்பம் விளையும். இத்தகைய தட்டை முதலிற் கண்டவர் போதோ அல்லர். பெர்னார் மேயர் என்பவர் 1871 இல் அமைத்தது அது. போதோ அதனைத் தம் நோக்கத்திற்கு ஏற்பத் திருத்திக்கொண்டார்.

இனி எழுத்தைக் குறிக்கும் முறை. மோர்சு குறிகள் நீண்டும் குறுகியும் வருவன ஆதலின் முறைவைப்புக்கு ஒவ்வா. ஒவ்வொருவர்க்கும் அளந்துகொடுத்த பொழுது ஒன்றே. ஆகவே ஒவ்வோர் எழுத்தும் ஒரே அளவினதாய் இருத்தல்வேண்டும். போதோ ஒவ்வோர் எழுத்துக்கும் ஐந்து துடிப்புக்கள் என்று வரையறுத்தார். துடிப்பு இருவகைத்து: மின்னோட்டம் ஒரு திசையிற் பாய்தல், எதிர்த்திசையிற் பாய்தல். இவ்விரண்டே வகையை ஐந்து இடங்களில் மாற்றி மாற்றி நிறுத்த, எத்தனை வடிவங்கள் கிடைக்கும்?

இவ்விடையைத் தமிழ் மாணவர் யாப்பிலக்கணத்திலேயே காணலாம். நம் செய்யுளுக்கும் அடிப்படை இரண்டே அசைகள்: நேர், நிரை. ஓரசையால் ஆகும் சீர் இரண்டு. ஈரசையால் ஆவன தேமா, புளிமா, கூவிளம், கருவிளம் என நான்கு. மூவசையால் ஆவன காய்ச்சீர் நான்கும் கனிச்சீர் நான்குமாக எட்டு. நாலசையால் ஆவன தண்பூ, நறும்பூ முதலாகப் பதினாறு. ஒவ்வோர் அசை கூடுந்தோறும் தொகை இரட்டிக்கிறது. நம் இலக்கணத்தார் நான்கோடு நின்றனர். ஐந்தாவது அசை ஒன்று சேர்த்திருப்பின் முப்பத்திரண்டு சீர்கள் ஆகியிருக்கும். போதோவின் குறிகளும் முப்பத்திரண்டே. நேரென்றும் நிரையென்றும் நாம் சொல்வதைக் கணிப்பொறியார் இன்று சுழியென்றும் ஒன்றென்றும் சொல்கின்றனர்.

பிரெஞ்சு எழுத்துக்கு முப்பத்திரண்டு வடிவங்கள் போதும். எண்களுக்கும் நிறுத்தக் குறிகளுக்கும் போதா. அதற்கு அவர் ஒரு வழி செய்தார். ஒரு தனிக்குறி வந்தால், அதன்பின் வருவனவற்றை எண்களாகக் கொள்க. மற்றொரு தனிக்குறி வந்தால் மீண்டும் எழுத்துக்களாகக் கொள்க என்று விதித்தார். ஆகவே ஒரே வடிவம் இடம் நோக்கி இருபொருள் தரும்.

ஐந்து துடிப்பால் எழுத்தைக் குறிக்கும் எண்ணமும் போதோவுக்கே உரிய தனியுடைமை அன்று. ஆங்கில அறிஞராகிய பிரான்சிசு பேக்கன் பதினேழாம் நூற்றாண்டின் தொடக்கத்திலேயே மறைமொழி எழுதுவதற்கு இருவகைக் குறிகளை ஐந்தைந்தாக அடுக்கும் முறையைக் கூறியிருந்தார். செருமானிய அறிஞர்களாகிய காசும் வேபரும் தம் தந்திக்கருவிக்கு அதுபோன்ற முறையைக் கையாண்டனர். பிறர் பிறர் கண்ட உறுப்புக்களை ஓருடம்பாக்கி, உயிர் கொடுத்து நடக்கச் செய்தமையே போதோவின் அருஞ்செயல். 1874 ஆம் ஆண்டு சூன் 17 ஆம் நாள் அவர் தம் பொறிக்குக் காப்புரிமை பெற்றார்.

இப்பொறியின் கட்டைப்பலகை காண்பதற்கு எளியது. இயூசு பொறிக்கு இருபத்தெட்டுக் கட்டைகள் என்றோம். போதோவின் பொறிக்கு ஐந்தே கட்டைகள். ஆர்மோனியக் கட்டைபோன்ற அவற்றுள் இரண்டை இடக்கை விரல்களும், மூன்றை வலக்கை விரல்களும் அழுத்தும். ஒரு கட்டையைத் தனித்தோ, பல கட்டைகளைச் சேர்த்தோ அழுத்தினால் ஓர் எழுத்தாகும். இதில் தமிழிலக்கணம் கற்றோர் மகிழத்தக்க நுட்பம் ஒன்று உண்டு. வலக்கையின் மூன்று கட்டைகளால் மட்டும் ஆகக்கூடிய வடிவங்கள் ஏழு. அவ்வேழையும் போதோ உயிரெழுத்துக்களுக்கே ஒதுக்கினார். மெய்யெழுத்து எழுதவேண்டின் இடக்கையும் உடன் வந்து சேரவேண்டும். உயிருக்கும் மெய்க்கும் இங்ஙனம் இடம் பிரித்தமையால், பணியாளர் குறிகளை மனத்திற் பதித்தல் எளிதாயிற்று.

கற்றல் எளிதேயன்றி, பணி எளிதன்று. தமக்குரிய பகுதியைக் கை தொட்டுக் கடந்தவுடன் பொறி சிறிய ஒலி ஒன்று எழுப்பும். அழுந்திக் கிடந்த கட்டைகள் மேலெழும். உடனே அடுத்த எழுத்தை அழுத்தவேண்டும். பிந்தினால் அம்முறை போயிற்று, முந்தவும் இயலாது. நிமிடத்துக்கு முப்பது சொல் என்பது பொது விரைவு. ஒரு சொல்லுக்கு இடைவெளியோடு ஆறு எழுத்து எனக் கொண்டால், நொடிக்கு மூன்று எழுத்துக்கள் ஆகும். மணிக்கணக்கில் இத்தாளம் பிசகாது விரல்கள் இயங்கவேண்டும். மிருதங்கம் வாசிப்போர்க்குக்கூட இடையிடையே ஓய்வு உண்டு. ஆயினும் நால்வர் இவ்வாறு அமர்ந்தால், ஒரே கம்பியில் நிமிடத்துக்கு நூற்றிருபது சொற்கள் சென்றன. வந்த துடிப்புக்களை மறுமுனையில் ஐந்து மின்காந்தங்கள் ஒருகணம் ஏந்தி நிற்க, பொறி அவற்றை எழுத்தாக மாற்றி நாடாத்தாளில் அச்சிட்டது. காதால் கேட்டுக் கையால் எழுதும் வேலை ஒழிந்தது.

துறையினர் போதோவின் முறையை 1875 இல் ஏற்றுக்கொண்டனர். 1877 ஆம் ஆண்டு நவம்பர் 12 ஆம் நாள் பாரிசுக்கும் போர்தோவுக்கும் இடையே முதற்சோதனை நடைபெற்றது. அவ்வாண்டு முடிவதற்குள் ஏறத்தாழ 1700 கிலோமீட்டர் நீளமுள்ள பாரிசு–உரோம் வழியிலும் பொறி இயங்கலாயிற்று. 1878 இல் பாரிசில் நடந்த உலகப் பொருட்காட்சியில் அது காட்சிக்கு வைக்கப்பட்டுப் பொற்பதக்கம் பெற்றது. ஊர்த் தொடக்கப்பள்ளியோடு நின்ற உழவர் மகனுடைய பெயர் உலகெங்கும் பரவிற்று.

புகழ் வந்த அளவுக்குப் பொருள் வரவில்லை. துறையினர் பொறியைப் பயன்படுத்தினரேயன்றி, அதனைச் செம்மை செய்யும் ஆராய்ச்சிக்குப் போதிய பொருள் உதவவில்லை. தொடக்கத்திலும் அவர்கள் போதோவுக்குச் சொன்னது, அலுவல் நேரம் போகத் தம் சொந்த நேரத்தில் ஆராய்க என்பதே. சொந்த நேரத்தோடு சொந்தப் பணமும் கரைந்தது. 1880 ஆம் ஆண்டில், தாம் பெற்ற அப்பொற்பதக்கத்தையே போதோ விற்கும்படி ஆயிற்று. அவ்வாண்டிலேதான் துறையில் அவருக்குப் பதவி உயர்வும் கிடைத்தது. 1882 இல் ஆய்வுப் பொறியாளர் ஆனார். பதவி உயர்ந்த ஆண்டும் பதக்கம் விற்ற ஆண்டும் ஒன்றாய் இருத்தல் நினைக்கத்தக்கது.

பொருள் முடையினும் கொடிய துன்பம் ஒன்று அவரைத் தொடர்ந்தது. அது வழக்கு. லூயி விக்டர் மிமோ என்பவரும் அதே தந்தித் துறையின் பணியாளர். அவரும் 1874 இல் ஐந்து தனிக்கம்பிகளைக் கொண்டு இயங்கும் தந்தி முறை ஒன்றுக்குக் காப்புரிமை பெற்றார். அதனைத் துறையினர் ஏலாது தள்ளினர். மேயரின் தட்டைச் சேர்த்து மிமோ தம் பொறியைத் திருத்தினார். அதற்குச் சில கிழமைகள் முன்பே போதோ தம் காப்புரிமையைப் பதிந்துவிட்டார். ஐந்தால் எழுத்துக்குறிக்கும் முறையை முதலிற் கண்டவன் யானே என்று மிமோ 1877 இல் வழக்குத் தொடுத்தார்.

முதலில் ஆராய்ந்த நீதிமன்றம் மிமோவின் பக்கமே தீர்ப்பளித்தது. போதோ செய்தவை மிமோவின் கருத்துக்குச் செய்த திருத்தங்களே என்று அது கூறியது. அத்தீர்ப்பால் இருவருமே மனம் நிறைவு பெற்றிலர். பின்னர் அது நீக்கப்பட்டு, வழக்குச் செலவு முழுவதையும் மிமோவே செலுத்துமாறு முடிவாயிற்று. தோல்வி மிமோவின் அறிவைக் கலக்கியது. இழப்பீடாகப் பெருந்தொகையும் நாட்டின் உயர்விருதும் தமக்கு வேண்டுமென்று அவர் கேட்டார். தந்தி ஆராய்ச்சிப் பிரிவின் தலைவராகிய ழூல் ரெய்னோ என்பவர் தலைமையில் அமைந்த குழு அவ்வேண்டுகோளை மறுத்தது. அது கேட்ட மிமோ, ரெய்னோவைச் சுட்டுக் கொன்றார். கடுந்தண்டனை அடைந்து, பின் நாடுகடத்தவும்பட்டார்.

இதனைப் படிக்கும் இளைஞர், மிமோவைக் கொடியவர் என்றும் போதோவைக் குற்றமற்றவர் என்றும் எளிதில் தீர்ப்புச் சொல்லிவிடலாம். கொலை கொலையே, அதற்கு ஒரு நியாயமும் இல்லை. எனினும் ஐந்தின் கணக்கு மிமோவின் தலையிலும் தனியே உதித்தது என்பதை மறுத்தற்கில்லை. பேக்கனுக்கும் காசுக்கும் வேபருக்கும் முன்பே உதித்த எண்ணம், ஒரே அலுவலகத்தின் இருவர்க்கு ஒரே காலத்தில் தோன்றியதில் வியப்பில்லை. மிமோவின் முறைக்கு ஐந்து கம்பிகள் வேண்டும். போதோவின் முறை ஒரு கம்பியைப் பலர்க்குப் பகிர்ந்தது. வேறுபாடு அங்கேதான் உளது என்பது என் கருத்து. இருவர் பூசலில் மூன்றாமவராகிய ரெய்னோ உயிரிழந்தமையே நெஞ்சை வருத்துகிறது.

போதோவின் உடல்நலமும் நன்றாக அமையவில்லை. தந்தித் துறையிற் சேர்ந்த சிறிது காலத்திலேயே பற்றிய நோய் ஒன்று வாழ்நாள் முழுதும் அவரை விட்டகலவில்லை. ஒருமுறை ஒரு திங்கள் அளவும் அவர் பணிக்கு வரஇயலாது படுத்திருந்தார். நாற்பத்து நான்காம் வயதில், 1890 சனவரி 15 ஆம் நாள், அவர் மணம் புரிந்துகொண்டார். மூன்று திங்கள் நிரம்புமுன், ஏப்பிரல் 9 ஆம் நாள் அவ்வம்மையார் இயற்கை எய்தினார். அவ்வாண்டு ஆகத்து 8 ஆம் நாள் பாரிசு, வான், லோரியான் ஆகிய மூன்று நகரங்களையும் ஒரே கம்பியால் இணைத்துச் செய்தி செலுத்திக் காட்டினார் போதோ. மனைவியார் மறைந்து நான்கு திங்களே ஆகியிருந்தன.

1894 இல் பாரிசுப் பங்குச் சந்தைக்கும் மிலான் பங்குச் சந்தைக்கும் ஒரே கம்பியில் நேர்த்தொடர்பு அமைத்தார். நெடுவழியில் மெலிந்துபோகும் துடிப்பை இடையில் ஏற்றுப் புதிதாக மேலனுப்பும் கருவி ஒன்றையும் அதற்கெனக் கண்டார். 1897 இல் துளைநாடா வந்தது. பணியாளர் தாளத்துக்குக் கட்டுப்பட்டு அழுத்தவேண்டிய துன்பம் இதனால் நீங்கிற்று. செய்தியை முன்னமே நாடாவில் துளைகளாக இட்டுவைத்து, நாடாவைப் பொறியிற் கொடுத்தால் போதும். ஐந்து வரிசைத் துளைகள் எழுத்துக்கு. நாடாவை இழுத்துச் செல்லும் பற்களுக்காக ஒரு வரிசைச் சிறுதுளை.

இத்தாலி 1887 இலும், ஒல்லாந்து 1895 இலும், பிரிட்டன் 1897 இலும், செருமனி 1900 இலும் போதோவின் முறையை மேற்கொண்டன. பின்னர் இந்தியத் தந்தித் துறையும் பெருநகரங்களுக்கு இடையே இம்முறையைக் கையாண்டது. போதோ 1903 ஆம் ஆண்டு மார்ச்சு 28 ஆம் நாள், பாரிசுக்கு அண்மையிலுள்ள சோ என்னும் ஊரில் தம் 57 ஆம் வயதில் மறைந்தார்.

அவர் மறைவதற்கு இரண்டாண்டு முன்பே, நியூசிலாந்திற் பிறந்த டொனால்டு மரே என்பவர் அவர் குறிகளை மாற்றி அமைத்திருந்தார். தட்டச்சுப்பொறியின் விசைப்பலகையை மரே பயன்படுத்தியமையால், பணியாளரின் விரலுக்கு எளிய குறி எது என்று நோக்கவேண்டிய தேவை ஒழிந்தது. ஆகவே அவர் பொறியின் தேய்மானத்தை நோக்கினார். ஆங்கிலத்தில் மிகுதியும் பயிலும் எழுத்துக்களுக்குத் துளை குறைவாகவும், அருகிப் பயில்வனவற்றுக்குத் துளை மிகுதியாகவும் வைத்தார். வரியின் தொடக்கத்துக்கு மீள்க, தாளை ஒரு வரி நகர்த்துக என்னும் ஏவல்களுக்கும் குறிகள் சேர்த்தார். எழுத்து அல்லாத ஏவல்களும் எழுத்தோடு ஒப்பக் கம்பியில் ஓடலாயின. தொலையச்சுப்பொறி இந்நெறியில் வளர்ந்தது. செய்தி செல்லும் விரைவை அளக்கும் அலகுக்கு 1920 களில் போதோவின் பெயரே இடப்பட்டது. ஆங்கிலேயர் நாவில் அது பாட் என மருவி வழங்குகிறது. நம் மரூஉ மொழிகளை நினைத்தால் இதில் குறை சொல்வதற்கில்லை.

முன்னர்க் கூறிய முப்பத்திரண்டு வடிவங்களைப் பற்றி ஒரு சொல். தமிழுக்கு இருநூற்று நாற்பத்தேழு எழுத்துக்கள் உளவே, ஐந்து கட்டைக்குள் அவை எங்ஙனம் அடங்கும் என்று மாணவர் வினவலாம். தொல்காப்பியர் எழுத்தென வகுத்தவை முப்பதே. பன்னீருயிரும் பதினெட்டு மெய்யுமாகிய அம்முப்பதையும் வைத்தபின் இரண்டு வடிவங்கள் எஞ்சும். ஒன்று ஆய்தத்துக்கு, ஒன்று சொல்லிடைவெளிக்கு. கணக்கு முற்றும் பொருந்துவதுபோல் தோன்றும். ஆயின் எண்ணுக்கு மாறும் குறிக்கும் வரி மாற்றும் ஏவலுக்கும் இடமில்லை; கம்பி ஓய்ந்திருக்கும் நிலைக்கும் ஒரு வடிவம் விடவேண்டும். ஓய்வுநேரத்தில் நான் பலமுறை இக்கணக்கைப் போட்டுப் பார்த்துத் தோற்றிருக்கிறேன்.

கணிப்பொறியோடு தொலையச்சுப்பொறி கூடிய கதை 1940 இல் தொடங்குகிறது. அமெரிக்காவில் பெல் ஆய்வுக்கூடத்தைச் சார்ந்த ஜார்ஜ் ஸ்டிபிட்சு என்னும் அறிஞர், சிக்கலெண்களைக் கணிக்கும் பொறி ஒன்றை நியூயார்க்கில் அமைத்திருந்தார். ஆனோவர் என்னும் ஊரிலுள்ள டார்ட்மத்துக் கல்லூரியில் கணித அறிஞர்கள் கூடியபோது, அவர் பொறியை அங்கே கொண்டுசெல்லவில்லை. ஒரு தொலையச்சுப்பொறியை மட்டும் அங்கே வைத்துத் தந்திக்கம்பியால் நியூயார்க்கோடு இணைத்தார். அறிஞர்கள் கணக்கைத் தட்டினர். நெடுந்தொலைவிலிருந்த பொறி கணித்த விடை அவர்கள் கண்முன் தாளில் அச்சாயிற்று. தொலைவிலுள்ள கணிப்பொறியை மக்கள் கம்பிவழி இயக்கிய முதல் நிகழ்ச்சி அதுவே. அது நிகழ்ந்த நாள் செப்டம்பர் 11. போதோ பிறந்து தொண்ணூற்றைந்து ஆண்டுகள் நிரம்பிய நாள். தற்செயலே ஆயினும் குறிக்கத்தக்கது.

இரண்டாம் உலகப் போரில் செருமானியர் தம் மறைச்செய்திகளை ஐந்து துடிப்புத் தொலையச்சு முறையிலேயே அனுப்பினர். அம்மறையை உடைப்பதற்கு ஆங்கில அஞ்சல் துறைப் பொறியாளர் டாமி பிளவர்சு அமைத்த கொலோசசு என்னும் மின்னணுப்பொறி, 1944 இல் துளைநாடாவினின்று நொடிக்கு 5000 எழுத்துக்களைப் படித்தது. போதோவின் பணியாளர் நொடிக்கு மூன்று எழுத்து அனுப்பினர் என்பதை இங்கே ஒப்புநோக்குக.

பின்னர் ஐந்து துடிப்பு ஏழாயிற்று. ஆசுக்கி என்னும் புதிய குறிமுறையும், அதனைக் கையாளும் டெலிடைப் 33 என்னும் பொறியும் 1963 இல் வெளிவந்தன. அப்பொறி நொடிக்குப் பத்து எழுத்துக்களைப் பேரோசையோடு தட்டும். விலை மலிவாய் இருந்தமையின், கணிப்பொறிக் கூடங்கள் பலவற்றில் அதுவே வாயும் செவியும் ஆயிற்று. 1964 மே 1 ஆம் நாள், அதே டார்ட்மத்துக் கல்லூரியில், மாணவர் பலர் தத்தம் தொலையச்சுப்பொறியின்முன் அமர்ந்து ஒரே கணிப்பொறியை ஒரே காலத்தில் பயன்படுத்தத் தொடங்கினர். கணிப்பொறி இவர்க்குச் சிறுபொழுது, அவர்க்குச் சிறுபொழுது என்று தன் நேரத்தை முறைவைத்துப் பகிர்ந்தது. கம்பிக்குப் போதோ செய்ததை இவர்கள் கணிப்பொறிக்கே செய்தனர். பின்னாளில் திரை வந்தது, அச்சுப்பொறி அகன்றது. ஆயினும் யூனிக்சு வழிவந்த கணிப்பொறிகளில் மனிதர் தட்டும் இடத்துக்கு இன்றும் டி.டி.ஒய். என்றே பெயர். டெலிடைப் என்பதன் குறுக்கம் அது. தட்டும் பொறி போயிற்று, பெயர் நின்றது.

நம் நாட்டிலும் தொலையச்சுப்பொறி செய்யும் தொழிற்சாலை ஒன்று சென்னைக் கிண்டியில் தோன்றியது. 1960 இல் நிறுவப்பெற்ற இந்துசுதான் டெலிபிரிண்டர்சு என்னும் அரசு நிறுவனம், இத்தாலி நாட்டு ஒலிவெட்டி நிறுவனத்தின் துணைகொண்டு அப்பொறிகளைச் செய்தது. போதோவின் முறையை முதலில் ஏற்ற அயல்நாடும் இத்தாலியே என்பதை மேலே கண்டோம்.

எங்கள் கடற்கரையில் தந்தி என்றாலே வீடு நடுங்கும். கொழும்புக்குச் சென்ற தோணி பற்றியோ, தொலைவிலுள்ள உறவினர் பற்றியோ செய்தி வரும் வழி அதுவே. மிதிவண்டியில் தந்திச் சேவகர் தெருமுனையில் திரும்பும்போதே, எந்த வீட்டின்முன் நிற்பாரோ என்று பெண்கள் வாயிலுக்கு வந்துவிடுவர். நான் சிறுவனாய் இருந்தபோது, படிக்கத் தெரிந்தவன் என்ற பேரால், அத்தாளை வாங்கிப் பிறர்க்குப் படித்துக் காட்டியதுண்டு. படிவத்தின்மேல் மெல்லிய நாடாத்தாளை நறுக்கி வரிவரியாக ஒட்டியிருப்பார்கள். அந்நாடா எங்கிருந்து வருகிறது, அவ்வெழுத்தை யார் அடித்தார் என்று அன்று எனக்குத் தெரியாது. தோணி கரைசேர்ந்தது என்ற செய்தியையும் நான் அந்நாடாவில் படித்திருக்கிறேன். சேரவில்லை என்ற செய்தியையும் படித்திருக்கிறேன்.

இந்தியாவின் தந்திப்பணி 2013 ஆம் ஆண்டு சூலைத் திங்களின் நடுவில் நிறுத்தப்பட்டது. கடைசி நாளில், தந்தியே அனுப்பி அறியாத இளைஞர் பலர் நகரத் தந்தி நிலையங்களில் வரிசையில் நின்று, தம் பெற்றோர்க்கும் நண்பர்க்கும், ஏன், தமக்குத் தாமேயும் ஒவ்வொரு தந்தி அனுப்பிக்கொண்டனர்.